எடைமேடையில் விழும் குண்டு

விரல் பத்தும் எரிந்தன.

முந்திரிக் கொட்டையை உடைக்கும்போது ஓட்டிலிருந்து கசியும் பால் அப்படிப்பட்டது. சாம்பலைத் தொட்டுக்கொண்டு உடைத்தாலும் தேங்காயெண்ணெய் தடவிக்கொண்டு உடைத்தாலும் அது தோலுக்குள் இறங்கி உட்கார்ந்துகொள்ளும். முதலில் தோல் கறுக்கும், பிறகு உரியும், புதுத்தோல் மூடுவதற்குள் அடுத்த மூட்டையை முன்னால் கொட்டிவிடுவார்கள். வெற்றிச்செல்விக்கு வயது இருபத்திரண்டு. அவளுடைய வலது கட்டைவிரலில் ஒரு ரேகைகூட மிச்சமில்லை. ரேஷன் கடை மிஷினில் அவள் விரலை வைத்தால் மிஷின் ஏற்காது. போய் உன் அம்மாவை அனுப்பு என்று கடைக்காரர் திருப்பி அனுப்புவார்.

உடையார்பாளையம் தாண்டி பஸ்ஸை விட்டு இறங்கி, முந்திரித் தோப்புக்கு ஊடே போகும் ரோட்டில் அவள் வீட்டுக்கு நடந்தாள். பொழுது சாய்ந்துகொண்டிருந்தது. காற்றில் முந்திரி வறுக்கும் புகை இருந்தது. தினமும் இருக்கும் புகைதான். ஆனால் வீட்டை நெருங்கியபோது அதற்குள்ளே வேறொரு நெடியும் கலந்து வந்தது. தீபாவளி மறுநாள் காலையில் தெருவில் கிடக்குமே, கருகிய மருந்தின் நெடி, அது. யார் வீட்டிலோ வேட்டு வெடித்திருப்பார்கள் என்று நினைத்துக்கொண்டு உள்ளே போனாள்.

கவர்மெண்டு கட்டிக்கொடுத்த தொகுப்பு வீடு. ஒரே அறை, ஒரு அடுப்படி. சுவரில் அண்ணன் அறிவரசனின் படம் மாட்டியிருந்தது. அதற்கு மாலை இல்லை, பொட்டு இல்லை, கீழே விளக்கும் இல்லை. அவன் செத்து இரண்டு மாதத்துக்கு மேல் ஆகியும் காரியம் செய்யவில்லை. அம்மா ஆண்டாயி செய்ய விடவில்லை.

அறிவரசன் பெரம்பலூர் பக்கம் ஒரு கல்குவாரியில் கம்ப்ரசர் ஓட்டினான். பாறையில் வெடிக்குக் குழி போடுகிற வேலை. குழிகளில் மருந்தை அடைத்து, சங்கு ஊதி, எல்லோரையும் விரட்டிவிட்டு வெடிப்பார்கள். வெடித்த பிறகு எல்லாக் குழியும் வெடித்ததா என்று பொறுத்திருந்து பார்த்துவிட்டுத்தான் ஆள் உள்ளே இறங்க வேண்டும். கல் உடைக்கிற இடத்தில் பச்சைப் பிள்ளைக்கும் தெரிந்த வழக்கம் அது. அன்றைக்குப் பொறுக்கவில்லை. ஜல்லி அரைக்கும் கிரஷர் கல்லில்லாமல் வெறுமனே ஓடிக்கொண்டிருந்தது, லாரிகள் வரிசை கட்டி நின்றன. எல்லாம் வெடித்தாயிற்று போ என்று சூப்பர்வைசர் ராசாங்கம் அவனை இறக்கிவிட்டார்.

ஒரு குழி மிச்சமிருந்தது.

பிணவறை வாசலில் உடம்பைத் துணியில் சுற்றிக் கொடுத்தார்கள். வலது கை முழங்கைக்குக் கீழே இல்லை. கை எங்கே என்று ஆண்டாயி கேட்டாள். கல்லோடு கல்லாகப் போயிருக்கும், எங்கே தேடுவது என்றார்கள். தேடவே இல்லை என்பது பிறகுதான் தெரிந்தது. உடம்பை வண்டியில் ஏற்றிய கையோடு பொக்லைனை இறக்கி, அந்தக் கல்லை அள்ளி கிரஷர் வாயில் கொட்டியிருக்கிறார்கள். ஒரு நாய் அடிபட்டால்கூட வண்டியை நிறுத்தி இறங்கிப் பார்க்கிறவன் உண்டு. இவர்கள் மிஷினை நிறுத்தவில்லை.

அது போதாது என்று ஒரு பொய்யும் சொன்னார்கள். குவாரி எடுத்து நடத்தும் காண்ட்ராக்டர் முத்தமிழ்செல்வன், பையன் காதில் ஹெட்செட்டை மாட்டிக்கொண்டு போனில் கேம் விளையாடிக்கொண்டிருந்தான், சங்கு ஊதியது காதில் விழவில்லை, அன்று அவனுக்கு டூட்டியும் இல்லை என்று ஸ்டேஷனில் சொல்லிவிட்டு வந்தார். ஊர் அதை நம்பியது. செத்தவன் கேம் ஆடுகிறவன் என்பது ஊருக்கே தெரியுமே.

சொந்தக்காரர்கள் வந்து பதினாறாம் நாள் காரியத்தை முடி என்று ஆண்டாயியை நெருக்கினார்கள். அவள் சுவரில் சாய்ந்தபடி ஒன்றே ஒன்றுதான் கேட்டாள்.

"படையல் போட்டா எம்புள்ள எந்தக் கையால அள்ளித் திம்பான்? கையக் கொண்டாந்து குடுங்க. எலை போடுறேன்."

அந்தக் கை கிடைத்தால்தான் அவளுடைய மகன் சாப்பிடுவான். அதுவரை அவனும் பட்டினி, இவளும் அரைப்பட்டினி.

குவாரியிலிருந்து ஒரு கேரி பேக்கில் அண்ணனின் லுங்கியும் தூக்குவாளியும் போனும் வந்திருந்தன. போனில் ஒரு மூலை மட்டும் விரிசல். பட்டனை அழுத்தினால் வேலை செய்தது.

அண்ணனும் தங்கையும் தெருப் பையன் விக்கியும் சேர்ந்துதான் அந்தச் சுடுகிற கேமை ஆடுவார்கள். விக்கி ஜெயங்கொண்டத்தில் மொபைல் ரிப்பேர் கடை வைத்திருந்தான். மூன்று பேரும் மூன்று இடத்தில் உட்கார்ந்து, ஹெட்செட்டில் பேசிக்கொண்டு, முகம் தெரியாத நான்கு பேர் டீமை அடித்துப் போடுவார்கள். சுடுவதில் விக்கி கெட்டிக்காரன். கிரனேடு என்றால் அறிவரசன்தான். மாடி ஜன்னல் வழியாக, சுவரில் ஒரு தட்டுத் தட்டி, மூலையில் ஒளிந்திருப்பவனின் காலடியில் கொண்டுபோய்ப் போடுவான். அது கைராசி இல்லை, உழைப்பு. ட்ரெயினிங் கிரவுண்டில் ஆளில்லாத நேரத்தில் மணிக்கணக்காகப் போட்டுப் பார்ப்பான். எந்தச் சுவரோரம் முதுகை ஒட்டி நிற்க வேண்டும், எந்தக் கம்பத்தின் நுனியில் குறியை வைக்க வேண்டும், பின்னைப் பிடுங்கிய குண்டை எவ்வளவு நேரம் கையில் தாங்க வேண்டும், எல்லாம் அவனுக்கு அத்துப்படி. அதற்குப் புள்ளி வைப்பது என்று பேர் வைத்திருந்தான். குவாரியில் குழிக்குப் புள்ளி வைக்கிறவன் கேமிலும் வைத்தான். பக்கத்திலிருந்து தங்கைக்குச் சொல்லிக்கொடுக்கும்போது மூச்சைப் பிடித்துக்கொண்டு, சரியான நொடியில் மெதுவாகச் சொல்வான்: "இப்ப விடு."

அவளுக்கு வந்ததே இல்லை. அவள் போட்ட குண்டு பாதி நேரம் சுவரில் பட்டுத் திரும்பி இவர்களையே கொல்லும். உனக்குக் கொட்டை உடைக்கிற கை, குண்டு போடுகிற கை இல்லை என்று விக்கி கிண்டலடிப்பான்.

டீமைக் கலைத்துவிடலாம் என்று விக்கி சொன்னபோது வெற்றிச்செல்வி மறுத்தாள். இனிமேல் குண்டு நான் போடுகிறேன் என்றாள். விளையாட்டில் அவளுக்கு ஆசை மிச்சமில்லை. நெஞ்சுக்குள் எரிந்ததை எங்காவது எறிய வேண்டியிருந்தது. வேலை விட்டு வந்து, கைகழுவி, அண்ணனின் போனை எடுத்து, ட்ரெயினிங் கிரவுண்டில் நுழைவாள். மாடி ஜன்னலில் ஒரு பொம்மை ஆள் நிற்பான். அவன் முகத்தில் முத்தமிழ்செல்வனை வைத்துக்கொள்வாள். பிறகு குண்டு.

நெடி வந்த அன்று சாயங்காலமும் ஹெட்செட்டை மாட்டிக்கொண்டு அப்படித்தான் உட்கார்ந்தாள். அம்மா பின்னால் விறகு எடுக்கப் போயிருந்தாள். தண்ணித் தொட்டி ஓரத்தில் தன் ஆளை நிறுத்தி, குறியைக் கம்பத்தின் நுனியில் வைத்து, கட்டைவிரலால் குண்டுப் பொத்தானை அழுத்திப் பிடித்து, விட்டாள்.

ஜன்னலுக்குப் போக வேண்டிய குண்டு இடதுபக்கம் வெகுதூரம் விலகி, கீழே நின்ற ஒரு லாரிக்கு முன்னால் சிமெண்டுத் தரையில் விழுந்து வெடித்தது.

விரல் வழுக்கியிருக்கும். கொட்டைப் பால் பட்ட விரல். துடைத்துவிட்டு மறுபடி போட்டாள்.

லாரிக்கு முன்னால்.

மறுபடி.

அதே இடம். முன்பு வெடித்த கறுப்பு வட்டத்தின் நடுவிலேயே விழுந்தது. அண்ணனைத் தவிர யாராலும் இவ்வளவு சுத்தமாகப் போட முடியாது.

அவள் வேண்டுமென்றே எதிர்ப்பக்கம் திரும்பினாள். வானத்தைப் பார்த்து எறிந்தாள். பொத்தானிலிருந்து விரலை எடுக்கப்போகும் நேரத்தில், கண்ணாடிக்கு அடியிலிருந்து ஏதோ ஒன்று அவள் விரலை ஒட்டிப் பிடித்தது. சூடாக இருந்தது. மணல் ஒட்டியதுபோல் நறநறவென்று இருந்தது. பிடித்து, மெல்லத் திருப்பியது. திரையில் குறி சுழன்று போய்க் கம்பத்தின் நுனியில் நின்றது.

ஹெட்செட்டில் இரைச்சல் கேட்டது. தூரத்தில் ஒரு கம்ப்ரசர் அடிப்பதுபோல. பிறகு அதுவும் நின்றது.

யாரோ மூச்சைப் பிடித்திருந்தார்கள்.

"இப்ப விடு."

அவள் போனைப் பாய்மேல் போட்டுவிட்டு எழுந்து சுவரோடு ஒட்டி நின்றாள். திரையில் குண்டு தானாகப் போய் லாரிக்கு முன்னால் விழுந்தது. மருந்து நெடி அறை முழுக்க நிறைந்து தொண்டையைப் பிடித்தது. விறகோடு உள்ளே வந்த ஆண்டாயி வாசற்படியிலேயே நின்றுவிட்டாள். என்ன நெடி என்று அவள் கேட்கவில்லை. பிணவறை வாசலில் துணியை விலக்கியபோது முகத்தில் அடித்த நெடி அது. அவளுக்குத் தெரியும்.

வெகுநேரம் கழித்து வெற்றிச்செல்வி போனைக் குனிந்து பார்த்தாள். கண்ணாடியில், குண்டுப் பொத்தான் இருந்த இடத்தில், வெள்ளைக் கல்மாவில் ஒரு கட்டைவிரல் பதிந்திருந்தது. சுழி சுழியாக ரேகை. நடுவில் குறுக்கே ஒரு வெட்டுத் தழும்பு.

அவளுடைய விரலில் ரேகை கிடையாது. கம்ப்ரசர் பெல்ட்டில் மாட்டிக் கட்டைவிரல் கிழிந்து, தையல் போட்டுக்கொண்டு வந்தவன் அறிவரசன்.

மறுநாள் சாயங்காலம் கொட்டை உடைத்த கையோடு ஜெயங்கொண்டம் போய் விக்கியின் கடையில் போனை வைத்தாள். நடந்ததைச் சொன்னதும் அவன் சிரிக்கவில்லை, ஆனால் நம்பவும் இல்லை. விரிசல் வழியாகத் தண்ணீர் இறங்கினால் டச் தானாக ஓடும், இதெல்லாம் தினம் பத்துப் பார்க்கிறேன் என்றான். திரையைக் கழற்றி, சுத்தம் செய்து, புதுக்கண்ணாடி ஒட்டினான். ட்ரெயினிங் கிரவுண்டைத் திறந்து, அவளுக்குக் காட்டுவதற்காகவே ஜன்னலுக்கு ஒரு குண்டு போட்டான்.

லாரிக்கு முன்னால் விழுந்தது.

விக்கியின் கை வெடுக்கென்று பின்னால் வந்தது. கட்டைவிரலை மற்றக் கையால் பொத்திக்கொண்டான். கடைக்கு வெளியே பஸ்கள் ஹாரன் அடித்துக்கொண்டு போயின. டீக்கடையில் யாரோ சத்தமாகச் சிரித்தார்கள். அவன் புதுக்கண்ணாடியையே பார்த்துக்கொண்டிருந்தான். அதன்மேல் மாவாக ஒரு விரல் மெல்ல மெல்லத் தெளிந்து வந்தது.

"யாரோ வெரலப் புடிச்சு இழுத்தாங்க வெற்றி."

"யாரோ இல்லண்ணே."

விக்கி திரையைப் பெரிதாக்கி, குனிந்து, அந்த இடத்தைப் பார்த்தான். மேட்டில் தண்ணித் தொட்டி, கீழே பள்ளம், பள்ளத்துக்கு அந்தப்பக்கம் தகர ஷெட், அதற்கு முன்னால் ஒரு கம்பம், கம்பத்துக்கு இடதுபக்கம் லாரி. அறிவரசன் உயிரோடு இருக்கையில் அடிக்கடி சொல்லிச் சிரித்தது அவனுக்கு நினைவு வந்தது. இந்த கேம் செய்தவன் நம்ம குவாரியைப் பார்த்துத்தான் செய்திருக்கிறான், ராசாங்கத்தை மட்டும் வைக்க மறந்துவிட்டான் என்பான். ஒருதடவை அவனுக்குச் சார்ஜர் கொடுக்கப் போனபோது விக்கி அந்தக் குவாரியை நேரில் பார்த்திருந்தான்.

லாரி நிற்கிற அந்தச் சிமெண்டுத் தரை குவாரியில் என்ன என்று அவள் கேட்டாள்.

லாரியை லோடோடு நிறுத்தி எடை போடுகிற மேடை என்றான் விக்கி.

வெள்ளிக்கிழமை அவள் கொட்டை உடைக்கப் போகவில்லை. விக்கியின் பைக்கில் அரியலூர் வழியாகப் பெரம்பலூர்ப் பக்கம் போனார்கள். சிமெண்டு லாரிகள் இவர்களை ரோட்டோரப் பள்ளத்துக்குத் தள்ளிவிட்டுத் தள்ளிவிட்டுப் போயின. போகப்போக மரங்கள் வெளுத்தன. வேப்பமரம், புளியமரம், கள்ளிச்செடி எல்லாவற்றின் மேலும் கல்மாவு படிந்து, இலைகள் செத்தவன் நகம்போல் இருந்தன. அந்த மாவை மூச்சில் இழுத்துக்கொண்டு அவளுடைய அண்ணன் நாலு வருஷம் வேலை பார்த்தான். அவன் ஊருக்கு வரும்போதெல்லாம் இருமியதற்கும் கேம்தான் காரணம் என்று சொல்வார்களோ என்னவோ.

கேட்டில் காவலுக்கு இருந்த அங்கமுத்து அவள் முகத்தைப் பார்த்ததும் எழுந்து நின்றார். அண்ணன் ஜாடை அப்படியே அவளிடம் இருந்தது. யாரும்மா என்று அவர் கேட்கவில்லை. சாப்பாட்டு நேரம், மிஷின் நிற்கப் போகிறது, சீக்கிரம் பார்த்துவிட்டுப் போ என்று மட்டும் சொல்லித் திரும்பிக்கொண்டார்.

கிரஷர் நின்றது.

அவ்வளவு சத்தத்துக்குப் பிறகு வந்த அமைதி காதை அடைத்தது. உச்சி வெயில். மேட்டில் தண்ணித் தொட்டி இருந்தது. பள்ளம் இருந்தது. அந்தப்பக்கம் ஆபீஸ் தகர ஷெட், முன்னால் கொடிக்கம்பம், இடதுபக்கம் லோடு ஏற்றிய ஒரு லாரி. வெற்றிச்செல்வி இதற்கு முன் இங்கே வந்ததே இல்லை. ஆனால் கால்கள் எங்கே நிற்க வேண்டும் என்று தெரிந்து நடந்தன. தொட்டிச் சுவரில் முதுகை ஒட்டி நின்றாள். கொதித்துக்கொண்டிருக்க வேண்டிய சுவர் ஈரத்துணிபோல் சில்லென்று இருந்தது.

குனிந்து கைக்கு அடங்கிய ஒரு கல்லை எடுத்தாள். கொடிக்கம்பத்தின் நுனியைப் பார்த்தாள்.

அவ்வளவு தூரத்துக்கு எந்த ஆம்பளையாலும் எறிய முடியாது என்றான் விக்கி.

கல்லைப் பிடித்த அவள் விரல்களுக்கு மேல் வேறு விரல்கள் மூடின.

சூடு. நறநறப்பு. கட்டைவிரலில் குறுக்கே ஒரு தழும்பு அவள் தோலில் அழுந்தியது.

விக்கி அவள் கையையே பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு ஒரு எட்டுப் பின்னால் வைத்தான். பிறகு இன்னொரு எட்டு. அவன் என்ன பார்த்தான் என்று இன்றுவரை யாரிடமும் சொன்னதில்லை.

காதருகில் பிடித்திருந்த மூச்சு.

"இப்ப விடு."

கல் பறந்தது. பள்ளத்தைத் தாண்டியது, கம்பத்துக்கு இடதாக வளைந்தது, லாரிக்கு முன்னால், எடைமேடைக்கு லாரி ஏறும் சிமெண்டுச் சரிவில் விழுந்தது. விழுந்த கல் துள்ளவில்லை, உருளவில்லை. நட்டு வைத்ததுபோல் நின்றது.

ஷெட்டு நிழலில் சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்கள் எல்லோரும் தலை தூக்கினார்கள். ராசாங்கம் வாய் கழுவாமலே ஓடி வந்து கத்த ஆரம்பித்தார். அவள் அவரைத் தாண்டி நடந்தாள். சரிவின் அருகே போய் நின்று, இது எப்போது போட்ட சிமெண்டு என்று கேட்டாள். மற்றதெல்லாம் பழசாகக் கறுத்திருக்க, அந்தச் சரிவு மட்டும் புதுசாக வெளுத்திருந்தது.

ஜல்லி பொறுக்கும் குஞ்சம்மாள் என்ற பொம்பளை சோற்றுக் கையை உதறிக்கொண்டு எழுந்தாள்.

"ஒங்கண்ணன் செத்த மறுநா போட்டது கண்ணு. அவன் செத்த அன்னைக்கு அரச்ச ஜல்லியத்தான் கொட்டுனாங்க. செவப்பா ஓடுச்சு. செம்மண்ணுன்னாரு சூப்பர்வைசரு. பாறையில ஏது செம்மண்ணு?"

ராசாங்கம் குஞ்சம்மாளை அடிக்கக் கை ஓங்கினார். கை ஓங்கியபடியே நின்றது. பத்துப் பதினைந்து பேர் சாப்பாட்டை விட்டு எழுந்திருந்தார்கள்.

இரண்டு மாதமாக அந்தச் சரிவின்மேல் லோடு லாரிகள் ஏறி இறங்கிக்கொண்டிருந்தன. அண்ணனின் கைமேல். அவன் குழி போட்டு, அவனே உடைத்த கல்லை ஏற்றிக்கொண்டு. வெற்றிச்செல்விக்கு அழுகை வரவில்லை. அழுகை எல்லாம் அந்த வெயிலில் காய்ந்து வேறொன்றாக ஆகியிருந்தது. அவள் ஆபீசுக்குள் போனாள்.

ஏசி ஓடும் சின்ன அறை. முத்தமிழ்செல்வன் பிரியாணிப் பொட்டலத்தைப் பிரித்து வைத்திருந்தார். வலது கையால் அள்ளிச் சாப்பிட்டுக்கொண்டே அவள் சொன்னதை எல்லாம் கேட்டார். அந்தச் சரிவை உடைத்துத் தாருங்கள், வேறு எதுவும் வேண்டாம், எங்கம்மா அவனுக்குச் சோறு போட வேண்டும் என்று அவள் சொன்னாள். குரலைத் தாழ்த்தித்தான் சொன்னாள். கெஞ்சினாள் என்றே வைத்துக்கொள்ளலாம். அதை நினைத்தால் அவளுக்கு இப்போதும் உடம்பு எரிகிறது.

சரிவை உடைத்தால் பத்து நாள் லோடு நிற்கும் என்றார் அவர். ஒரு கைக்காக யாராவது எடைமேடையை உடைப்பார்களா என்று அங்கே நின்ற ராசாங்கத்தைப் பார்த்துக் கேட்டார். பிறகு எலும்பைக் கடித்துவிட்டு, கதவோரச் சுவரில் மாட்டியிருந்த வருகைப்பதிவு மிஷினைக் காட்டினார். வேலைக்கு வருகிறவர்கள் காலையில் விரல் வைக்கும் மிஷின்.

"இதுல பேரு இருக்கறவன்தாம்மா என் ஆளு. ஒங்கண்ணன் பேரு இதுல கெடையாது. வேணும்னா பாத்துக்க."

பேர் ஏன் இல்லை என்று அவளுக்குத் தெரியும். எல்லோருக்கும் தெரியும். உடம்பு ஆறுவதற்குள் அழித்திருப்பார்கள். அவள் மிஷினுக்கு முன்னால் போய் நின்றாள். ரேஷன் கடை மிஷின் ஒருதடவைகூட ஏற்காத, கொட்டைப் பால் தின்ற, ரேகையில்லாத தன் கட்டைவிரலைத் தூக்கினாள். ஏன் தூக்கினாள் என்று கேட்டால் சொல்லத் தெரியாது. தூக்கியது அவள் மட்டும் இல்லை.

கண்ணாடியின்மேல் விரல் பட்டபோது அதற்கும் கண்ணாடிக்கும் நடுவே இன்னொரு விரல் இருந்தது.

பச்சை வெளிச்சம் எரிந்தது.

"தேங்க் யூ" என்றது மிஷின்.

திரையில் இங்கிலீஷ் எழுத்தில் பேர் வந்தது. அறிவரசன். கம்ப்ரசர் ஆபரேட்டர். இன்று வருகை.

முத்தமிழ்செல்வனின் கையில் இருந்த சோறு கையிலேயே நின்றது. ராசாங்கம் பாய்ந்து போய் மிஷினின் வயரைப் பிடுங்கினார். வெளிச்சம் அணைந்தது. திரை கறுத்தது. வாசலில் கூடியிருந்தவர்கள் மூச்சுவிடாமல் பார்த்தார்கள். அறைக்குள் மருந்து நெடி பரவியது.

வயர் தரையில் கிடந்தது.

"தேங்க் யூ."

முத்தமிழ்செல்வன் வாய்க்குச் சோற்றைக் கொண்டுபோகப் பார்த்தார். கை வாய்ப்பக்கம் வரவில்லை. மணிக்கட்டை யாரோ பிடித்திருப்பதுபோல் இலைக்கு மேலே அந்தரத்தில் நின்று நடுங்கியது. விரலிடுக்கிலிருந்து பருக்கைகள் ஒவ்வொன்றாக உதிர்ந்தன. மணிக்கட்டைச் சுற்றி வெள்ளை மாவில் ஐந்து விரல் தடம் தெளிவாகத் தெரிந்ததை வாசலில் நின்ற அத்தனை பேரும் பார்த்தார்கள்.

அன்று மத்தியானம் யாரும் வேலைக்கு இறங்கவில்லை. சாயங்காலம் போலீஸ் வந்து கூட்டத்தைக் கலைத்தது. வெற்றிச்செல்வியையும் விக்கியையும் ஸ்டேஷனில் உட்காரவைத்து, கல்லெறிந்ததற்கு எச்சரித்து அனுப்பினார்கள். பேய் பிடித்தது என்று மனு எழுதினால் வாங்க முடியாது, வேறு ஏதாவது எழுதிக்கொண்டு வா என்றார் அங்கே இருந்தவர். மறுவாரம் குவாரி வழக்கம்போல ஓடியது. வயிறு இருக்கிறதே, எல்லோருக்கும். சரிவை உடைக்கவில்லை.

ஆனால் ஒரு வேலை மட்டும் அங்கே நடக்கவில்லை. காலையில் யார் வந்து மிஷினில் விரல் வைத்தாலும் அறிவரசன் என்றே பேர் காட்டியது. குஞ்சம்மாள் வைத்தாலும் அறிவரசன். லாரி டிரைவர் வைத்தாலும் அறிவரசன். ராசாங்கம் வைத்தபோதும் அதே பேர், அவர் அன்றோடு வேலையை விட்டுப் போனார். முத்தமிழ்செல்வன் திருச்சியிலிருந்து புது மிஷின் வாங்கி வந்து மாட்டினார். பெட்டியைப் பிரித்து, இன்னும் ஒருவர் பேரையும் ஏற்றாமல், கரண்ட் கொடுத்த நிமிஷமே அது தேங்க் யூ சொன்னது. பிறகு மிஷினே வேண்டாமென்று கழற்றிவிட்டார்கள். இப்போது ஆணி அடித்த வெறும் சுவர்தான் தேங்க் யூ சொல்கிறதாம். அங்கமுத்து விக்கியின் கடை வாசலில் பைக்கை நிறுத்தி அவனிடம் சொல்லிவிட்டுப் போனார். முத்தமிழ்செல்வனுக்கு ஸ்பூனால் ஊட்டிவிடுகிறார்கள் என்பதையும் அவர்தான் சொன்னார். சோற்றைத் தொட்டால் அவருடைய வலது கை எழும்புவதில்லை. டாக்டர்களுக்குக் காரணம் தெரியவில்லை.

ஆண்டாயியிடம் இதையெல்லாம் வெற்றிச்செல்வி ஒளிக்காமல் சொன்னாள். ஆண்டாயி சந்தோஷப்படவில்லை, பயப்படவும் இல்லை. அவன் கையை நமக்கு வாங்க வக்கில்லை, அதனால் அவனே கேட்டுக்கொண்டிருக்கிறான் என்றாள். பிறகு உலையில் அரிசியைப் போட்டாள்.

எடைமேடைச் சரிவில் இன்றைக்கும் லாரி ஏறுகிறது. ஆண்டாயி இன்னும் இலை போடவில்லை. முத்தமிழ்செல்வன் அவளுக்கு ஒரு வலது கை தர வேண்டியிருக்கிறது.